சொந்த குண்டா, அடுத்தவன் குடையா, கைகழுவறதா, வாசப்படியில நிக்கிறதா?

2022 பிப்ரவரிக்கு அப்புறம் என்கிட்ட படிக்க வர்ற பசங்க எல்லாரும் ஒரு தடவையாவது இதை கேட்டுடறாங்க, "சார், உக்ரைன் மட்டும் அணுகுண்டை குடுக்காம வச்சிருந்தா ரஷ்யா உள்ள வந்திருக்குமா?" நான் போட்டித் தேர்வுக்கு உலக அரசியல் எடுக்கிறவன், முன்னாடியெல்லாம் இதுக்கு ஒரு வரி பதில் ரெடியா வச்சிருப்பேன், இப்போ அந்த ஒரு வரி மேல எனக்கே நம்பிக்கை போயிடுச்சு. போன மாசம் ஒரு பையன் மாதிரி கட்டுரை எழுத உக்காந்தான். ஒரு நடுத்தர நாடு, பக்கத்துலயே அணுகுண்டு வச்சிருக்கற பெரிய ஆளு, நீங்க அந்த நாட்டு பிரதமருக்கு ஆலோசகர், என்ன சொல்லுவீங்க, இதான் கேள்வி. திங்கக்கிழமை "குண்டு செய்யணும்"னு எழுதிட்டு வந்தான், புதன்கிழமை அதை கிழிச்சிட்டு "வேண்டாம்"னு எழுதிட்டு வந்தான், ரெண்டும் படிக்க நல்லாத்தான் இருந்துச்சு, அதுதான் பிரச்சனையே.

அவனை மாதிரி மாட்டிக்கிட்டு நிக்கிறவங்களுக்காக இதை கொஞ்சம் விலாவாரியா எழுதறேன். நாலு வழி இருக்கு. ஒண்ணு, சொந்தமா குண்டு செஞ்சுக்கறது: பிரான்ஸ், சீனா, நாம, பாகிஸ்தான், வட கொரியா. ரெண்டு, பெரிய ஆளோட குடைக்குள்ள போய் நிக்கிறது: மேற்கு ஜெர்மனி, தென் கொரியா. மூணு, இருக்கறதையும் குடுத்துட்டு கைகழுவறது: உக்ரைன், கஜகஸ்தான், தென்னாப்பிரிக்கா. நாலு, செய்யத் தெரியும் ஆனா செய்யலன்னு வாசப்படியிலயே நிக்கிறது: ஜப்பான், 1974லேர்ந்து 98 வரைக்கும் நாம, அப்புறம் ஈரான்.

## எதை வச்சு அளக்கறது

முதல்ல, எதை தடுக்கணும்னு தெளிவா இருக்கணும். குண்டு இருந்தா யாரும் கிட்ட வரமாட்டாங்கங்கிறது பாதி பொய். 1973ல எகிப்தும் சிரியாவும் இஸ்ரேல் மேல பாஞ்சாங்க, 1982ல அர்ஜென்டினா பிரிட்டன் கையில இருந்த ஃபாக்லாந்து தீவை புடிச்சுச்சு, நாம பொக்ரான்ல வெடிச்சு ஒரு வருஷம் ஆகறதுக்குள்ள கார்கில் மலை மேல ஆள் ஏறி உக்காந்துட்டாங்க. 2024 ஆகஸ்ட்ல குண்டே இல்லாத உக்ரைன், ஆயிரக்கணக்குல குண்டு வச்சிருக்கற ரஷ்யாவோட குர்ஸ்க் மாவட்டத்துக்குள்ள படையோட போய் உக்காந்துச்சு, மாஸ்கோ ஒரு அணுகுண்டும் போடல. நாட்டையே இல்லாம ஆக்கற படையெடுப்பை தடுக்கறது வேற, ஓரத்துல நாலு மலைய புடிக்கிறதை தடுக்கறது வேற.

ரெண்டாவது, எதிரி நம்புவானா. நம்ம கையில என்ன இருக்குங்கறதை விட நாம அதை பயன்படுத்துவோம்னு அவன் நம்பணும், அதோட அவன் முதல்ல அடிச்சாலும் திருப்பி அடிக்க நம்மகிட்ட மிச்சம் இருக்கும்னும் நம்பணும்.

மூணாவதுதான் யாரும் கேக்காத கேள்வி, என் கணக்குல அதுதான் பாதி மார்க். குண்டு வேணும்னு முடிவெடுத்த நாளுக்கும் அது உருப்படியா கையில வர்ற நாளுக்கும் நடுவுல பத்து பதினஞ்சு வருஷம் போகும். எதிரிக்கு விஷயம் தெரிஞ்சுடும், உங்ககிட்ட இன்னும் ஒண்ணும் இருக்காது. அந்த வருஷங்கள்ல யார் நிழல்ல நிப்பீங்க?

அப்புறம் பில். பட்ஜெட்ல வர்ற காசு மட்டும் இல்ல, பொருளாதார தடை, சோதனை நடந்த ஊர் ஜனங்களோட உடம்பு, விபத்து எல்லாம் சேர்த்து. கடைசியா, எடுத்த முடிவை மாத்திக்க வழி இருக்கான்னு பாக்கணும்.

## 1. சொந்த குண்டு

இதுக்கு நல்ல உதாரணம் பிரான்ஸ்தான், பாடப்புத்தகத்துல அது சும்மா பிரெஞ்சு அதிபர் டி கோல் ஒருத்தரோட வீம்பு மாதிரி ஓடிடும். கதை 1956 சூயஸ்ல ஆரம்பிக்குது. பிரிட்டனும் பிரான்ஸும் இஸ்ரேலும் சேர்ந்து எகிப்து மேல போனாங்க, சோவியத் பிரதமர் புல்கானின் ராக்கெட்டை ஞாபகப்படுத்தி மிரட்டி லெட்டர் எழுதினாரு, கூட நிக்கும்னு நினைச்ச அமெரிக்கா பவுண்டு மதிப்புல கைய வச்சு வெளிய போங்கன்னுடுச்சு. பிரிட்டன் இதுல கத்துகிட்ட பாடம், இனிமே அமெரிக்காவ விட்டு தனியா எதுவும் பண்ணக்கூடாது. அதே அடிய வாங்கின பிரான்ஸ் கத்துகிட்டது, இனிமே அமெரிக்காவ நம்பி எதுவும் பண்ணக்கூடாது. 1960 பிப்ரவரி 13, அல்ஜீரியாவுல சஹாரா பாலைவனத்துல ரெக்கான்ங்கற இடத்துல முதல் வெடிப்பு, 70 கிலோ டன், ஹிரோஷிமாவுல போட்டதை விட நாலு மடங்குக்கு மேல. அடுத்த வருஷம் கென்னடி பாரிஸ் வந்தப்ப டி கோல் நேராவே கேட்டாரு, பாரிஸை காப்பாத்த நியூயார்க்கை பலி குடுப்பீங்களான்னு. அதுக்கு யாராலயும் முகத்தை பாத்து ஆமான்னு சொல்ல முடியாது, சொன்னாலும் கேக்கறவன் நம்பமாட்டான்.

அவங்க கணக்கு சிம்பிள். சோவியத்தை அழிக்க வேண்டாம், பிரான்ஸை விழுங்கறதுல கிடைக்கற லாபத்தை விட பெரிய காயம் குடுக்க முடிஞ்சா போதும். இன்னிக்கும் அங்க சுமார் 290 குண்டுதான், நாலு நீர்மூழ்கி, அதுல ஒண்ணாவது எப்பவும் கடலுக்கு அடியில சுத்திட்டு இருக்கும்.

இப்போ வருஷத்தை எண்ணுங்க. 1956ல வேகம் புடிச்சது, 1960ல வெடிச்சது, மிராஜ் விமானத்துல வச்சு கொண்டு போற அளவுக்கு வந்தது 1964, முதல் நீர்மூழ்கி ரோந்து போனது 1972. பதினாறு வருஷம். அந்த பதினாறு வருஷமும் பிரான்ஸ் எங்க நின்னுச்சுன்னு பாத்தா அமெரிக்க குடைக்கு கீழ! 1966ல நேட்டோ ராணுவ அமைப்பை விட்டு வெளிய வந்தாங்களே ஒழிய நேட்டோ ஒப்பந்தத்தை விட்டு வரல, நடுவுல மேற்கு ஜெர்மனி பூரா அமெரிக்க படை உக்காந்திருந்துச்சு. குடைக்கு அடியில நின்னுகிட்டே தன் குடைய தைச்சாங்க, நனையவே இல்ல.

இதை ஒவ்வொரு நாட்டுக்கும் போட்டு பாருங்க. பாகிஸ்தானுக்கு 1979ல நிழல் தானா வந்துச்சு, சோவியத் ஆப்கானிஸ்தானுக்குள்ள வரவும் அமெரிக்காவுக்கு பாகிஸ்தான் தேவைப்பட்டுச்சு, கண்ணை மூடிக்கிட்டாங்க, சோவியத் கிளம்பினதும் 1990ல கண்ணை திறந்து உதவிய நிறுத்தினாங்க, அதுக்குள்ள இவங்க வேலை முக்காவாசி முடிஞ்சுது. வட கொரியாவுக்கு நிழல் சியோல் நகரம்தான், எல்லையிலேர்ந்து பீரங்கி எட்டற தூரத்துல ஒரு கோடி பேர் கிட்ட இருக்கற ஊர், யோங்பியோன்ல இருக்கற அணு உலைய அடிச்சா சியோல் எரியும்னு எல்லாருக்கும் தெரியும். நமக்கு 1971 ஆகஸ்ட்ல போட்ட சோவியத் ஒப்பந்தம். சீனாவுக்கு பெருசா யாரும் இல்ல, சோவியத்தும் 1959ல உதவிய நிறுத்திடுச்சு, நாட்டோட பரப்பளவும் ஜனத்தொகையும்தான் துணை, அப்பவும் 1963ல கென்னடி அரசு மாஸ்கோகிட்ட போய் சீனா விஷயத்துல ஏதாவது பண்ணலாமான்னு நாடி புடிச்சு பாத்துச்சு.

நிழல் இல்லாதவனுக்கு என்ன ஆச்சு? ஈராக்கோட ஒசிராக் உலை 1981 ஜூன்ல போச்சு. சிரியா பாலைவனத்துல கட்டிட்டு இருந்த உலை 2007 செப்டம்பர்ல போச்சு.

பில்லுக்கு வருவோம். பிரான்ஸ் மொத்தம் 210 சோதனை பண்ணுச்சு, 17 அல்ஜீரியாவுல, 193 பசிபிக்ல இருக்கற பாலினேசியா தீவுகள்ல, ஒண்ணு கூட பாரிஸ் பக்கத்துல இல்லங்கறதை கவனிங்க. 1962 மே 1ம் தேதி அல்ஜீரியாவுல இன் எக்கர்ங்கற இடத்துல மலைக்கு உள்ள சுரங்கம் தோண்டி ஒரு சோதனை. வேடிக்கை பாக்க ராணுவ அமைச்சர் மெஸ்மரும் ஆராய்ச்சி அமைச்சர் பலேவ்ஸ்கியும் வந்து நின்னாங்க. அடைப்பு பிச்சுகிட்டு மலையோட பக்கவாட்டுலேர்ந்து கதிரியக்க மேகம் வெளிய வந்துடுச்சு, அமைச்சருங்க, அதிகாரிங்க, சிப்பாய்ங்க எல்லாரும் விழுந்தடிச்சு ஓடினாங்க, அப்புறம் குளிப்பாட்டி சுத்தம் பண்ணி அனுப்பினாங்க. அமைச்சருக்கு குளிக்க தண்ணி கிடைச்சுது, சுத்துவட்டாரத்துல ஒட்டகம் மேய்ச்சவங்களுக்கு என்ன கிடைச்சுதுன்னு யோசிச்சுக்கங்க. இழப்பீட்டுக்குன்னு பிரான்ஸ் சட்டம் போட்டதே 2010லதான்.

அடுத்த பில், விபத்து. 2022 மார்ச் 9, நம்ம பிரமோஸ் ஏவுகணை ஒண்ணு தவறுதலா கிளம்பி பாகிஸ்தானுக்குள்ள நூறு கிலோமீட்டருக்கு மேல போய் மியான் சன்னு பக்கத்துல விழுந்துச்சு. வெடிபொருள் இல்லாததால சுவர் இடிஞ்சதோட போச்சு, பின்னாடி விமானப்படை அதிகாரிங்க மூணு பேரை வேலைய விட்டு தூக்கினாங்க. வாஷிங்டனுக்கும் மாஸ்கோவுக்கும் நடுவுல ஏவுகணை பறக்க அரை மணி நேரம் ஆகும், 1983 செப்டம்பர்ல சோவியத் அதிகாரி பெட்ரோவ் ஸ்க்ரீன்ல அஞ்சு ஏவுகணை வர்றதா காட்டினப்ப "இது மெஷின் கோளாறா இருக்கும்"னு யோசிக்க அவருக்கு கொஞ்சமாவது நிமிஷம் இருந்துச்சு. டெல்லிக்கும் லாகூருக்கும் நடுவுல பத்து நிமிஷம் கூட கிடையாது. பக்கத்து வீட்டுக்காரனுக்கு எதிரா குண்டு வைக்கிறதுல இந்த ரிஸ்க் எப்பவும் கூடவே இருக்கும், கடல் தாண்டி இருக்கற எதிரிக்கு எதிரா வைக்கிறவனுக்கு இந்த அளவுக்கு இல்ல.

யாருக்கு சரி: செய்யற காலத்துக்கு நிழல் இருக்கறவனுக்கு, தடைய தாங்கற அளவுக்கு பெரிய சந்தை இருக்கறவனுக்கு. 1998 தடைய நாம தாங்கினோம், ரெண்டு மூணு வருஷத்துல பெரும்பாலும் விலகிடுச்சு, 2008ல அணு வியாபாரத்துக்கு விலக்கும் கிடைச்சுது. அதே தடை பாகிஸ்தானுக்கு வேற மாதிரி வலிச்சுது.

## 2. அடுத்தவன் குடை

கேக்க நல்லா இருக்கும். உடனே கிடைக்கும், இடைவெளி வருஷமே இல்ல, சோதனை இல்ல, தடை இல்ல. ஆனா குடைக்காரன் மழை எங்க பெய்யணும்னு முடிவு பண்ணுவான்.

மேற்கு ஜெர்மனி 1955 மே மாசம் நேட்டோல சேர்ந்துச்சு. அடுத்த மாசமே கார்ட் பிளாஞ்ச்னு ஒரு விமானப்படை ஒத்திகை, காகிதத்துல 335 அணுகுண்டு போட்டு பாத்தாங்க, பெரும்பாலும் ஜெர்மனி மண்ணுல. கணக்கு வந்துச்சு, 17 லட்சம் ஜெர்மன்காரங்க சாவு, 35 லட்சம் பேர் காயம், இதுல பின்னாடி வர்ற கதிரியக்க பாதிப்பை சேர்க்கவே இல்ல. இந்த கணக்கு பத்திரிகையில வந்தப்ப ஒரு சாதாரண ஜெர்மன் வீட்டுல என்ன பேசியிருப்பாங்கன்னு நான் அடிக்கடி யோசிப்பேன். காப்பாத்த வர்றவனே நம்ம வீட்டு மேல போட்டுதான் காப்பாத்துவான்! ஏவுகணை தூரம் எவ்ளோ கம்மியோ அவ்ளோ ஜெர்மன்காரங்க சாவாங்கன்னு அங்க ஒரு கசப்பான பேச்சே உண்டு, ஏன்னா குறைஞ்ச தூரம் போறது எல்லாம் ஜெர்மனிக்குள்ளயே விழும்.

குடை இருந்தா காசு மிச்சம்னு நினைக்காதீங்க. மேற்கு ஜெர்மனி அஞ்சு லட்சம் பேர் கிட்ட படை வச்சிருந்துச்சு, 1983ல அமெரிக்காவோட பெர்ஷிங் ஏவுகணைய நிறுத்த இடம் குடுத்துட்டு தெருவுல லட்சக்கணக்குல போராட்டக்காரங்களை சந்திச்சுது. அந்த ஏவுகணைங்க 1987 ஒப்பந்தத்துல போனது பெரிய விஷயம், ரெண்டு தரப்பும் சேர்த்து 2,692 ஏவுகணைய அழிச்சாங்க, ஆனா பேச்சுவார்த்தை மேசைல உக்காந்தது ரீகனும் கோர்பச்சேவும், ஜெர்மனிக்கு அங்க நாற்காலி இல்ல. 2019ல அந்த ஒப்பந்தம் செத்தப்பவும் அப்படித்தான்.

தென் கொரியா கதை இன்னும் நேரடியா இருக்கும். 1969ல நிக்சன், ஆசியக்காரங்க அவங்க அவங்க பாதுகாப்பை முதல்ல அவங்களே பாத்துக்கணும்னு சொன்னாரு, 1971ல ஒரு டிவிஷனையே, சுமார் 20,000 பேரை, திருப்பி கூட்டிட்டு போயிட்டாங்க. தென் கொரிய அதிபர் பார்க் சுங்-ஹீ ரகசியமா குண்டு திட்டம் ஆரம்பிச்சாரு, அமெரிக்கா மோப்பம் புடிச்சு, இதை விடலன்னா உறவே கட்னு மிரட்டி 1970கள் நடுவுல நிறுத்த வச்சுது. குடைக்குள்ள இருந்தா சொந்த குடை தைக்கலாம்னு பிரான்ஸ் காட்டுச்சுன்னு மேல சொன்னேன்ல, அது குடைக்காரன் கண்டுக்காம விட்டாத்தான், இல்ல எதிர்த்து நிக்க உங்களுக்கு டி கோல் மாதிரி தெம்பு இருந்தாத்தான்.

ஒரு குடை உண்மையானதா இல்ல சும்மா பேச்சான்னு பாக்க நான் பசங்களுக்கு சொல்ற டெஸ்ட் ஒண்ணு இருக்கு. குடைக்காரனோட ஆளுங்க உங்க ஊர்ல குடும்பத்தோட இருக்காங்களா, அவங்க புள்ளைங்க உங்க ஊர் பள்ளிக்கூடத்துக்கு போகுதா? தென் கொரியாவுல இன்னிக்கும் சுமார் 28,500 அமெரிக்க படையினர், பியோங்டேக் ஊர்ல இருக்கற முகாம் ஒரு சின்ன அமெரிக்க டவுன் மாதிரி. எதிரி அடிச்சா முதல் நாளே அமெரிக்கன் சாவான், அப்புறம் வாஷிங்டன் ஒதுங்கிக்க முடியாது. வெறும் ஒப்பந்த காகிதத்துக்கு இந்த எடை கிடையாது. அப்படியும் சியோலுக்கு தூக்கம் வரல, 2023 ஏப்ரல்ல வாஷிங்டன்ல தனியா ஒரு பிரகடனம் வாங்கினாங்க, அந்த ஜூலைல அணு ஏவுகணை நீர்மூழ்கி ஒண்ணு புசான் துறைமுகத்துக்கு வந்து முகம் காட்டிட்டு போச்சு. நாலு வருஷத்துக்கு ஒரு தடவை இன்னொரு நாட்டு தேர்தலை பாத்து வயித்துல நெருப்பு கட்டிக்கிட்டு உக்காந்திருக்கறதும் ஒரு செலவுதான்.

நமக்கும் இந்த ஆசை ஒரு காலத்துல இருந்துச்சு. 1964 அக்டோபர்ல சீனா வெடிச்சதும் சாஸ்திரி காலத்துலயே பேச்சு ஆரம்பிச்சு, 1967ல நம்ம அரசு அதிகாரி எல்.கே. ஜா மாஸ்கோவுக்கும் வாஷிங்டனுக்கும் போய் உத்தரவாதம் கிடைக்குமான்னு கேட்டுட்டு வெறுங்கையோட வந்தாரு. அணிசேரா நாடுன்னு சொல்லிக்கிட்டு ரெண்டு பேர்கிட்டயும் குடை கேட்டா யார் குடுப்பா.

## 3. குடுத்துட்டு கைகழுவறது

இங்கதான் உக்ரைன். 1991 கடைசியில சோவியத் உடைஞ்சப்ப உக்ரைன் மண்ணுல சுமார் 1,900 நெடுந்தூர அணுகுண்டு, 176 கண்டம் விட்டு கண்டம் பாயற ஏவுகணை, நாப்பதுக்கு மேல குண்டுவீச்சு விமானம். எண்ணிக்கையில உலகத்துலயே மூணாவது. சின்ன ரக குண்டுங்க ஆயிரக்கணக்குல இருந்துச்சு, அதெல்லாம் 1992 மே மாசத்துக்குள்ளயே ரஷ்யாவுக்கு போயிடுச்சு.

பசங்க இந்த எண்ணை பாத்துட்டுதான் "ஐயோ வச்சிருக்கலாமே"ங்கறாங்க. வீடு உங்க பேர்ல இருக்கு, பீரோவும் உள்ள இருக்கு, சாவி மட்டும் மாஸ்கோவுல இருக்கு. ஏவற கோட் அவங்க கையில. பீரோவை உடைச்சு பூட்டை மாத்தலாம், உக்ரைன்ல அதுக்கு இன்ஜினியர் இருந்தாங்க, ட்னிப்ரோவுல இருக்கற யூஸ்மாஷ் ஃபேக்டரிதான் சோவியத்தோட பெரிய ஏவுகணைங்களையே செஞ்சுது. ஆனா குண்டு தலைப்பகுதி செய்யற ஆலையோ பராமரிக்கற வசதியோ அங்க இல்ல, அதெல்லாம் ரஷ்யாவுல. பல ஏவுகணைங்க அமெரிக்காவுக்கு குறி வச்சு செஞ்சது, பக்கத்துல இருக்கற மாஸ்கோவை அடிக்க லாயக்கே இல்ல. பூட்டை மாத்த ஆரம்பிச்சிருந்தா அந்த வேலை முடியறதுக்குள்ள ரெண்டு பெரிய ஆளுங்களும் சேர்ந்து கழுத்துல கை வச்சிருப்பாங்க. 1993ல விலைவாசி ஏத்தம் 10,000 சதவீதத்தை தாண்டுச்சு, கேஸுக்கு ரஷ்யாகிட்ட கடன், செர்னோபில் வெடிச்சு ஏழு வருஷம்தான் ஆச்சு, மக்களுக்கு அணுங்கற வார்த்தையே ஆகாது. நிழல்? யாருமே இல்ல. அந்த வருஷமே மெர்ஷைமர்னு ஒரு அமெரிக்க பேராசிரியர் உக்ரைன் குண்டை வச்சுக்கணும்னு எழுதினாரு, இப்போ எல்லாரும் அவரை மேற்கோள் காட்றாங்க, ஆனா இடைவெளி வருஷத்துல யார் சோறு போடுவாங்கங்கறதுக்கு அதுல சரியான பதில் இல்லங்கறது என் அபிப்பிராயம்.

அதனால வச்சிருக்கணுமாங்கற கேள்விய விட, என்ன விலைக்கு வித்தாங்கன்னு கேக்கறதுதான் நியாயம். 1994 டிசம்பர் 5, புடாபெஸ்ட். ரஷ்யா, அமெரிக்கா, பிரிட்டன் மூணும் கையெழுத்து போட்ட காகிதம்: எல்லைய மதிப்போம், பலத்தை பயன்படுத்தமாட்டோம். அணு ஆயுதத்தால தாக்குதலோ மிரட்டலோ வந்தா ஐநா பாதுகாப்பு கவுன்சிலுக்கு போவோம். அங்க வீட்டோ யார்கிட்ட இருக்கு? ரஷ்யாகிட்டயே! இங்கிலீஷ் பிரதியில போட்டிருந்த வார்த்தை நம்ம ஊர்ல "நான் பாத்துக்கறேன் போ"ன்னு சொல்ற ரகம், ஜாமீன் கையெழுத்து ரகம் கிடையாது, உக்ரைன் மொழி பிரதியிலயும் ரஷ்ய மொழி பிரதியிலயும் மட்டும் உத்தரவாதம்ங்கற வார்த்தை. அமெரிக்காக்காரங்க இந்த வித்தியாசத்தை தெரிஞ்சேதான் வச்சாங்க, கீவ்ல இருந்தவங்களுக்கும் தெரியும், வேற யாரும் அதுக்கு மேல விலை சொல்லலங்கறதுதான் நிலைமை. அணு உலைக்கு எரிபொருள் கிடைச்சுது, ஏவுகணை குழிய உடைக்க அமெரிக்கா காசு குடுத்துச்சு.

1996 ஜூன் ஆரம்பத்துல, கடைசி குண்டும் ரயில் ஏறி போனதுக்கு அப்புறம், பெர்வோமைஸ்க் ஏவுகணை தளத்துல மூணு நாட்டு பாதுகாப்பு அமைச்சர்களும், அமெரிக்காவோட பெர்ரி, ரஷ்யாவோட கிராச்சேவ், உக்ரைனோட ஷ்மாரோவ், ஏவுகணை குழி இருந்த மண்ணுல சூரியகாந்தி நட்டாங்க. கோட்டு சூட்டோட மண்வெட்டிய புடிச்சுகிட்டு நிக்கிற அந்த காட்சிய இப்போ பாத்தா என்னமோ பண்ணும். அந்த தளம் இப்போ மியூசியம்.

எனக்கு புடாபெஸ்ட்டை விட உறுத்தற விஷயம் அதுக்கு அப்புறம் நடந்தது. 1999-2000ல உக்ரைன் தன்கிட்ட மிச்சம் இருந்த டியூ-160 குண்டுவீச்சு விமானம் எட்டு, டியூ-95 மூணு, கூடவே ஐநூத்துக்கு மேல குரூஸ் ஏவுகணை, எல்லாத்தையும் கேஸ் கடனுக்கு ஈடா ரஷ்யாகிட்டயே குடுத்துச்சு. இன்னிக்கு கீவ் மேல ஏவுகணை விடறது அதே ரக விமானங்கதான். குண்டை குடுத்தது கட்டாயம்னே வச்சுக்குவோம், இதுக்கு என்ன பேர் வைக்கிறதுன்னு எனக்கு தெரியல.

கஜகஸ்தானும் அதே சமயம் அதையேதான் பண்ணுச்சு, சுமார் 1,400 குண்டை குடுத்துச்சு. செமிபலாடின்ஸ்க்ல சோவியத் 456 தடவை வெடிச்சு பாத்த மண்ணு அது, 1991 ஆகஸ்ட் 29ல அந்த மைதானத்தையே இழுத்து மூடினாங்க. 1994ல ஒரு ஆலையில கிடந்த 600 கிலோ கிட்ட செறிவூட்டின யுரேனியத்தை அமெரிக்கா பெரிய பெரிய விமானத்துல வந்து அள்ளிட்டு போச்சு. வித்தியாசம் எங்கன்னா, கஜகஸ்தான் குண்டை குடுத்த கையோட டெங்கிஸ் எண்ணெய் வயல்ல அமெரிக்க கம்பெனிய உள்ள விட்டுச்சு, சீனாவோட எல்லைய பேசி முடிச்சுது, ரஷ்யாவோடயும் ராணுவ கூட்டணிய விடல. எல்லாருக்கும் அங்க ஒரு பங்கு இருக்கு, அதனால எல்லாருக்கும் அது நிக்கணும். இன்னிக்கு உலகத்துலயே அதிகமா யுரேனியம் வெட்டற நாடு அதுதான். இதை உக்ரைனால பண்ணியிருக்க முடியுமான்னா, கிரிமியாவுல ரஷ்ய கடற்படையே உக்காந்திருந்த நாட்டுக்கு அது அவ்ளோ ஈஸி இல்லன்னுதான் சொல்லணும்.

தென்னாப்பிரிக்கா தானே ஆறு குண்டு செஞ்சு தானே பிரிச்சு போட்டுச்சு, 1993 மார்ச்ல அதிபர் டி கிளர்க் பார்லிமென்ட்ல சொன்னப்பதான் உலகத்துக்கே முறைப்படி தெரியும். அங்கோலா சண்டை முடிஞ்சு கியூபா படை கிளம்பிடுச்சு, எதிரியே இல்ல, குண்டு எதுக்கு. லிபியாவை இதுல சேர்க்கறவங்க ஜாக்கிரதையா இருக்கணும், 2003ல கடாஃபி குடுத்தது குண்டு இல்ல, பாதி இன்னும் பிரிக்காத பெட்டியில இருந்த சாமான். ஆனா 2011ல அவர் செத்த விதத்தை பியோங்யாங் மறக்கல.

யாருக்கு சரி: எதிரி நிஜமாவே போயிட்டவனுக்கு, இல்ல குண்டை வித்த காசுல (காசுன்னா உறவு, முதலீடு எல்லாம்தான்) வேற வேலி கட்டிக்க தெரிஞ்சவனுக்கு.

## 4. வாசப்படி

ஜப்பான்கிட்ட குண்டு செய்ய உதவற புளூட்டோனியம் சுமார் 45 டன் இருக்கு, பெரும்பகுதி பிரிட்டன்லயும் பிரான்ஸ்லயும் கிடக்கு. ராக்கெட் விடத் தெரியும். 1967ல பிரதமர் சாட்டோ, வச்சிருக்கமாட்டோம், செய்யமாட்டோம், உள்ள விடமாட்டோம்னு மூணு கொள்கை சொல்லி 1974ல நோபல் அமைதி பரிசும் வாங்கினாரு, நடுவுல 1969ல ஒகினாவாவுக்குள்ள அவசரத்துக்கு குண்டு கொண்டு வரலாம்னு நிக்சனோட ரகசியமா ஒத்துக்கிட்டது பின்னாடி வெளிய வந்துச்சு. வாசப்படியில நிம்மதியா நிக்க முடியுதுன்னா மேல அமெரிக்க குடை இருக்கறதாலதான்.

நாம 1974 மே 18ல வெடிச்சோம், "அமைதி நோக்கத்துக்கு"ன்னு சொன்னோம், உலகம் நம்பல. கனடா ராஜஸ்தான் உலையில பாதி வேலைய விட்டுட்டு போச்சு, தாராப்பூர் அணு உலைக்கு அமெரிக்க எரிபொருள் நின்னுச்சு, அணு சாமான் விக்கற நாடுங்க நம்மளை தடுக்கவே ஒரு சங்கம் ஆரம்பிச்சாங்க. குண்டு வச்சிருக்கறவனுக்கு வர்ற தண்டனை பூரா வாங்கினோம், குண்டோட பலன் மட்டும் கிடைக்கல, இப்படியே இருபத்தி நாலு வருஷம். 1995ல நரசிம்ம ராவ் வெடிக்க ரெடி பண்ணினப்ப அமெரிக்க சாட்டிலைட் பாத்துடுச்சு, தூதர் வந்து பேசினதும் நின்னு போச்சு. அதனாலதான் 1998ல ராத்திரி ராத்திரியா வேலை பண்ணி, கலாமும் அணு விஞ்ஞானி ஆர். சிதம்பரமும் ராணுவ உடுப்பு போட்டு பாலைவனத்துல சுத்த வேண்டி வந்துச்சு, ராமேஸ்வரத்துக்காரரையும் சென்னைக்காரரையும் அந்த வெயில்ல மேஜர் ஜெனரலா நினைச்சு பாக்க எனக்கு இன்னும் சிரிப்பு வரும். அதுக்கு அப்புறம் 1999ல திருச்சியில பிறந்த பாதுகாப்பு நிபுணர் கே. சுப்ரமணியம் தலைமையில வரைவு கொள்கை வந்துச்சு: முதல்ல அடிக்கமாட்டோம், நம்பற அளவுக்கு குறைஞ்ச எண்ணிக்கை போதும். முதல்ல அடிக்கமாட்டேன்னு சொல்றவனுக்கு அடி வாங்கின பிறகும் மிச்சம் இருக்கணும், அதுக்கு நீர்மூழ்கி வேணும், அரிஹந்த் நீர்மூழ்கிக்கான உலையோட தரை மாதிரிய ஓட்டி பாத்தது நம்ம கல்பாக்கத்துல. கிழக்கு கடற்கரை சாலையில போற பஸ்ல ஜன்னல் சீட்ல உக்காந்தவங்க பாதி பேருக்கு இது தெரியாது.

ஈரான் இதே படியில நிழல் இல்லாம நின்னுச்சு. 2015ல அணு திட்டத்தை கட்டுக்குள்ள வைக்க ஒப்பந்தம், 2018ல அமெரிக்கா அதை விட்டு வெளிய வந்துச்சு, 2021ல ஈரான் யுரேனியத்தை 60 சதவீத செறிவு வரைக்கும் கொண்டு போச்சு, 2025 ஜூன்ல முதல்ல இஸ்ரேலும் அப்புறம் அமெரிக்காவும் நதான்ஸ், ஃபோர்டோ, இஸ்ஃபஹான் அணு தளங்க மேல சாதா குண்டு போட்டாங்க. படியில நிக்கிறது பேரம் பேச நல்ல இடம்தான், ஆனா குடை இல்லாம ரொம்ப நேரம் நின்னா கல்லடி விழும்.

## ஒரே பார்வையில

| | சொந்த குண்டு | குடை | கைகழுவறது | வாசப்படி |
|---|---|---|---|---|
| எதை தடுக்கும் | நாட்டையே விழுங்கற படையெடுப்பை, ஓர சண்டைய இல்ல | குடைக்காரன் ஆளு இருக்கற இடம் வரைக்கும் | தானா எதையும் இல்ல | எதிரிய கொஞ்சம் யோசிக்க வைக்கும் |
| நம்பகம் | திருப்பி அடிக்க மிச்சம் இருந்தா கூடுதல் | அங்க நடக்கற தேர்தலை பொறுத்தது | காகிதத்துல போட்ட வார்த்தைய பொறுத்தது | ஊகம்தான் |
| இடைவெளி | 10-15 வருஷம், அதுதான் ஆபத்தே | இல்ல | குடுத்த நாளே ஆரம்பம் | முடிவே கிடையாது |
| மறைஞ்ச பில் | தடை, சோதனை ஊர் ஜனங்க, விபத்து | போர்க்களம் உங்க மண்ணு, மேசைல நாற்காலி இல்ல | திரும்ப வாங்க முடியாத பேர பலம் | தண்டனை உண்டு, பலன் இல்ல |
| திரும்ப வழி | உண்டு, தென்னாப்பிரிக்கா மாதிரி | உண்டு, மெதுவா | கிட்டத்தட்ட இல்ல | ரெண்டு பக்கமும் உண்டு |

## இப்போ யாராவது கேட்டா

போலந்தை எடுத்துக்கங்க. 2025 மார்ச்ல பிரதமர் டஸ்க் அணு ஆயுத வாய்ப்புகளை பத்தியும் யோசிக்கணும்னு பார்லிமென்ட்லயே பேசினாரு, அதே வாரம் பிரான்ஸ் அதிபர் மேக்ரான் பிரெஞ்சு குண்டோட பாதுகாப்பை ஐரோப்பாவுக்கு விரிக்கிறதை பத்தி பேசலாம்னாரு. நான் போலந்து தலைநகர் வார்சாவுல ஆலோசகரா இருந்தா சொந்த குண்டு பக்கமே போகவேண்டாம்பேன், இடைவெளி வருஷத்துல ரஷ்யா பக்கத்துலயே இருக்கு, அமெரிக்காவும் கோவிச்சுக்கும். அமெரிக்க படைய இன்னும் கொஞ்சம் மண்ணுல உக்கார வச்சுட்டு, பிரெஞ்சுக்காரங்களையும் கூப்பிட்டு, ரெண்டு குடை வாங்குன்னு சொல்லுவேன். பிரான்ஸ் ஒரு காலத்துல கென்னடிகிட்ட கேட்ட கேள்விய அப்போ வார்சா பாரிஸ்கிட்ட கேக்கும், அது அவங்க பாடு.

தென் கொரியா கொஞ்சம் கஷ்டமான கேஸ். அங்க கருத்துக்கணிப்புல பத்துக்கு ஏழு பேர் கிட்ட சொந்த குண்டு வேணும்னு சொல்றாங்க. பொருளாதாரம் பூரா ஏற்றுமதிய நம்பி ஓடற நாடு, தடை வந்தா நம்மள மாதிரி உள்நாட்டு சந்தைய வச்சு ஓட்ட முடியாது. நானா இருந்தா வாசப்படி வரைக்கும் போய் நிக்க சொல்லுவேன், மேல குடை இருக்கற வரைக்கும் படியில கல்லடி விழாது.

அந்த பையன் இதெல்லாம் கேட்டுட்டு, "சார் இதை 1,200 வார்த்தையில எப்படி அடக்கறது?"ன்னான். டேபிளை மனப்பாடம் பண்ணாதடா, 1993 குளிர்காலத்துல கீவ்ல ஒரு அமைச்சர் மேசை மேல என்னென்ன இருந்திருக்கும்னு எழுதி ஆரம்பின்னேன்: ஒரு பக்கம் 176 ஏவுகணையோட பட்டியல், இன்னொரு பக்கம் மாஸ்கோவுக்கு கட்டவேண்டிய கேஸ் பில்.